பதினொரு கிலோ

நாற்பத்து நாலு என்கிறது எடைமேடை.
நேற்றும் அதுவே சொன்னது.
சுக்கான் பிடிப்பவள்
ஐம்பத்தைந்து இருக்க வேண்டும், விதிப்படி.
குறைகிற பதினொன்றை மணலாய்க் கட்டி
காலடியில் வைத்துக்கொள் என்றார் நடுவர்.

மணலைத் தூக்கிக்கொண்டு எவள் போவாள்?
முனிரத்னா வீட்டிலிருந்து கேழ்வரகு வந்தது.
பாலித்தீனில் இரண்டு சுற்று, மேலே உரச்சாக்கு,
வாயை வலை நூலால் தைத்தோம்.
நடுவர் தட்டிப் பார்த்தார், குலுக்கிப் பார்த்தார்,
எடை எடைதான் என்று கையெழுத்திட்டார்.

கிருஷ்ணகிரி அணை. காலை ஆறேகால்.
பச்சை பூத்த தண்ணீர், அதன்மேல் நாமக்கோழிகள்.
வலையை ஒதுக்கித் தந்த பரிசல்காரர்
ஒற்றைத் துடுப்பில் அரைவட்டம் போட்டபடி கேட்டார்:
"எதைப் புடிக்கப் போறீங்க?"
எதையும் இல்லீங்க.
"அப்ப அக்கரையில ஜோலியா?"
இல்லீங்க. போய்ட்டு திரும்பிடுவோம்.
வெற்றிலையைத் துப்பிவிட்டு
வெகுநேரம் யோசித்தார்.

எனக்கு எதிரே நாலு பேர்.
மாங்கூழ் ஆலையில் டப்பா மூடும் முனிரத்னா,
பழையபேட்டையில் தைக்கும் ஹசீனா,
லாரி ஷெட்டில் கணக்கெழுதும் ஜெபமணி,
கடைசியில் சாலம்மா, நேற்றிரவு பந்தோபஸ்து முடித்து
தூங்காமல் வந்தவள்.
முனிரத்னாவின் முகம் மட்டும் எனக்கு.
மற்ற மூவரும்
தோளாகவும் மூச்சாகவும்தான் தெரிவார்கள்.

முதுகில் காயம் பட்டுச் செத்தவனுக்கு
அழக்கூட யோசித்த மண் இது.
இவர்களோ முதுகு காட்டியே
எல்லைக்கோட்டுக்குப் போகிறார்கள்.
அவர்கள் பார்ப்பதெல்லாம் கடந்தது மட்டும்:
துடுப்பு தோண்டிய குழிகள்
ஒவ்வொன்றாய்த் தூர்ந்துகொண்டே போவதை.
முன்னால் பாறையா, வலையா, வெற்றியா
என் வாயைக் கேட்டால்தான் உண்டு.

அதனால் பொய் சொல்ல முடியாது.
ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறேன்,
இன்னும் நூறு மீட்டர்தான் என்று.
பயிற்சியில். இருநூறு இருந்தது.
சாலம்மா மூன்று நாள் பேசவில்லை.

பக்கத்தில் ஓசூர் கம்பெனி அணி.
அவர்கள் படகில் ஒட்டுப் போட்ட இடமே இல்லை.
எங்களுடையது யாரோ கழித்தது,
சுரண்டிய பழைய பெயரில்
இரண்டெழுத்து இன்னும் மீந்திருக்கிறது.

கொடி விழுந்தது.
ஒண்ணு என்கிறேன்,
ஒகட்டி என்கிறது முனிரத்னாவின் உதடு.
ரெண்டு என்கிறேன்,
ரெண்டு என்கிறாள்.
அந்த ரெண்டில்தான் படகு கிளம்பியது.

அறுநூறு மீட்டர் வரை நாங்கள் முன்னால்.
பிறகு ஜெபமணியின் துடுப்பு
தண்ணீருக்குள் திரும்பிச் சிக்கியது.
பிடி விலாவில் இடித்தது. படகு சாய்ந்தது.
இதற்கு எங்கள் பேச்சில்
நண்டு பிடிப்பது என்று பெயர்.

கத்தத்தான் வாயைத் திறந்தேன்.
வந்தது வேறு.
விடு ஜெபா. பிடியை விடு.
அது வரும். வந்துச்சா? சரி. வா.
மூன்று வலிப்புக்கு மூன்றே துடுப்பு.
நாலாவதில் அவளும் இருந்தாள்.

அந்த மூன்றிலும்
ஒருத்தியும் கழுத்தைத் திருப்பவில்லை.
என்ன விளையாட்டு இது என்று கேட்பவர்களிடம்
இனி நான் அதைத்தான் சொல்வேன்.

அரைப் படகு நீளத்தில் தோற்றோம்.
தோற்றவர்கள் சட்டையைக் கழற்றித் தருவது வழக்கம்.
பஸ் ஸ்டாண்டில் நூற்றெண்பது ரூபாய்க்கு வாங்கியது,
ஈரத்தோடு கொடுத்தேன்.
ஓசூர் பெண் மடித்துப் பைக்குள் வைக்காமல்
தன் சட்டைமேலேயே போட்டுக்கொண்டாள்.
பிறகு அவளைத் தூக்கி
அணைக்குள் எறிந்தார்கள். அதுவும் வழக்கம்.
வென்ற சுக்கான்காரிக்கு மட்டும்.
நான் காய்ந்த தலையோடு நின்றேன்.

கரையில் தையலைப் பிரித்தோம்.
ஒரு மணிகூட நனையவில்லை.
ராத்திரிக்குக் களி, யார் வீட்டில் என்று
சண்டை நடந்துகொண்டிருக்கும்போது
பரிசல் வந்து ஒதுங்கியது.

"ஏதாச்சும் மாட்டுச்சா?"

ஜெபமணி விலாவைப் பிடித்துக்கொண்டே சொன்னாள்:
"ஒரு நண்டுங்கண்ணா."

அவர் குனிந்து
சாக்குக்குள் எட்டிப் பார்த்தார்.